தீ அணைந்த பிறகு வரும் நோட்டீஸ்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன வாரம் உங்கள் மாவட்டப் பக்கத்தில் வந்த பனியன் குடோன் தீ விபத்துச் செய்தியைப் படித்தேன். தீயணைப்பு வண்டிகள் வந்தன, விடிய விடியப் போராடி அணைத்தார்கள், பல லட்சம் ரூபாய்த் துணி சாம்பலானது, 'மின்கசிவே காரணம் என்று முதற்கட்ட விசாரணையில் தெரிகிறது' என்று செய்தி முடிந்திருந்தது. உங்கள் நிருபரைக் குறை சொல்ல நான் எழுதவில்லை. எல்லாப் பத்திரிகையும் இப்படித்தான் முடிக்கிறது. ஆனால் அந்தக் கடைசி வரி, பேப்பர் எடைக்குப் போன பிறகும் வேலை செய்துகொண்டே இருக்கும். அப்படி ஒரு வரியைக் கத்தரித்து, ஜெராக்ஸ் எடுத்து, வக்கீல் நோட்டீஸோடு இணைப்பாக அனுப்பியிருந்ததை நானே கையில் வாங்கிப் பார்த்திருக்கிறேன்.

நான் திருப்பூரில் சிறிய கம்பெனிகளுக்குக் கணக்கு எழுதுபவன். பகலில் ஓரிடம், சாயங்காலம் வேறிடம். ஜி.எஸ்.டி. ரிட்டர்ன், வங்கிக்கு மாதாமாதம் ஸ்டாக் ஸ்டேட்மெண்ட், பி.எஃப்., இ.எஸ்.ஐ. எல்லாம் பார்ப்பேன். பனியன் ஊரில் தீ புதிதல்ல. 2023 ஜூனில் காதர்பேட்டை பனியன் பஜாரில் ஒரே இரவில் ஐம்பது கடைகள் போல எரிந்தது உங்கள் வாசகர்களுக்கு நினைவிருக்கும். பஞ்சும் நூலும் துணியும் தகரக் கொட்டகையும் நெருக்கமாக இருக்கிற ஊரில் தீ பிடிக்கத்தான் செய்யும். அணைத்த பிறகு நஷ்டம் யார் தலையில் விழுகிறது என்பது யாருக்கும் தெரிவதில்லை. நான் கணக்குப் பார்க்கும் ஒரு பார்ட்டிக்கு நடந்ததைச் சொன்னால் விளங்கும்.

அவர் வைத்திருந்தது ஜாப் ஒர்க் தையல் யூனிட். வாடகை ஷெட், மேலே சிமெண்ட் ஷீட். சிங்கர், ஓவர்லாக், பேட்லாக் என்று இருபத்திரண்டு மெஷின்கள். எக்ஸ்போர்ட்காரர் கட் பீஸாக அனுப்புவார், இவர் தைத்து, பிசிறு வெட்டி, செக்கிங் முடித்துத் திருப்பி அனுப்புவார். சுவரை ஒட்டிப் பக்கத்தில் பனியன் வேஸ்ட் குடோன். ராத்திரி அங்கே பிடித்த தீ கூரை வழியாக இவர் ஷெட்டுக்குள் இறங்கிவிட்டது. ஆள் சேதம் இல்லை, அதுவரை புண்ணியம்.

இரண்டு நாள் கழித்து, நஷ்டத்தை மதிப்பிட இன்சூரன்ஸ் சர்வேயர் வந்தார். வயதானவர், பொறுமைசாலி. சாம்பலுக்குள் கம்பியைவிட்டுக் கிளறிக் கிளறி மெஷின் தலைகளை எண்ணினார். மோட்டாரும் ஒயரும் டேபிள் பலகையும் எரிந்தாலும் மெஷினின் வார்ப்பிரும்பு உடல் அப்படியே நிற்கும். அதிலிருந்த நம்பர் தகட்டை நகத்தால் சுரண்டி, நம்பரைப் படித்து, பர்ச்சேஸ் பில்லோடு ஒப்பிட்டார். துணியைப் பற்றி அன்றைக்கு நான் தெரிந்துகொண்டது ஒன்று: கட்டாக அடுக்கி வைத்த பீஸ் முழுதாக எரியாது. வெளியே கருகும், உள்ளே வெள்ளையாகவே இருக்கும், ஆனால் தண்ணீரும் புகையும் ஏறி எதற்கும் உதவாது. அந்த உள்பக்கத்தைத்தான் 'சால்வேஜ்' என்று விலைபோட்டு, கிளெய்மில், அதாவது நாம் கேட்கும் நஷ்ட ஈட்டில் கழிப்பார்கள். நாற்றம் தாங்காமல் மறுநாளே வேஸ்ட் வியாபாரியைக் கூப்பிட்டு அள்ளிப்போடச் சொல்கிறவர்கள் உண்டு. சர்வேயர் பார்த்து எழுதிக் கொடுக்கும்வரை ஒரு பையைக்கூட நகர்த்தக் கூடாது. எரிந்த துணியும் அந்த நேரத்தில் ஆவணம்தான்.

சரி, பாலிசிக்கு வருவோம். பாலிசி இருந்தது. வங்கியே ஓ.டி. என்கிற கடன் கணக்கிலிருந்து வருடா வருடம் பிரீமியம் பிடித்துப் போட்டுவிடும். பாஸ்புக்கில் ஒரு வரி வரும், அவ்வளவுதான். பாலிசிக் காகிதத்தை அவர் கண்ணால் பார்த்ததே கிடையாது. எரிந்த பிறகு கிளையில் போய்க் கேட்டு வாங்கிப் படித்தால், மூன்று இடத்தில் இடித்தது.

முதலில் முகவரி. இரண்டு வருடத்துக்கு முன் காலி செய்துவிட்டு வந்த பழைய ஷெட்டின் முகவரி பாலிசியில் அப்படியே இருந்தது. இடம் மாறியதை இவர் வங்கிக்குக் கடிதமாகக் கொடுத்திருந்தார், வங்கியும் கடன் கணக்கில் மாற்றியிருந்தது, பாலிசியில் மட்டும் மாற்றவில்லை. தீ பாலிசி என்பது இடத்துக்குக் கட்டப்பட்டது. இந்தக் கதவு எண்ணில் இருக்கும் இந்தப் பொருளுக்கு என்றுதான் எழுதுகிறார்கள். இடம் தப்பினால் இன்சூரன்ஸ் கம்பெனி கையை விரிப்பது ஆச்சரியமில்லை.

அடுத்தது தொகை. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஊரில் முக்கால்வாசிப் பேர் அடிபடுவது இங்கேதான். வங்கி தன் கடன் எவ்வளவோ அவ்வளவுக்குத்தான் பாலிசி எடுக்கும். ஓ.டி. லிமிட் 25 லட்சம் என்றால் பாலிசியும் 25 லட்சம். தீபாவளிக்கு முன் குடோனில் 60 லட்சத்துக்குச் சரக்கு நிற்கும்போது தீ பிடித்து 30 லட்சத்துக்கு எரிகிறது என்று வையுங்கள். பாலிசி 25 லட்சம் இருக்கிறது, 25 கிடைக்கும் என்றுதான் வியாபாரி நினைப்பார். கிடைக்காது. 60-க்குக் கட்ட வேண்டிய இடத்தில் 25-க்குத்தான் கட்டியிருக்கிறாய், மீதிக்கு நீயே இன்சூரன்ஸ் கம்பெனி என்று கணக்குப் போடுவார்கள். எரிந்த 30 லட்சத்தில் அறுபதுக்கு இருபத்தைந்து பங்கு, அதாவது பன்னிரண்டரை லட்சம். அதிலும் சால்வேஜும் பாலிசிப்படி நாம் ஏற்க வேண்டிய பங்கும் கழியும். மிச்சம் வருகிற செக்கும் நம் கைக்கு வராது; பாலிசியில் வங்கி விதி இருப்பதால் நேராகக் கடன் கணக்கில் போய் உட்காரும். வங்கி மட்டும் பத்திரமாக இருக்கும். பிரீமியம் கட்டியதென்னவோ நாம்.

2021 ஏப்ரல் முதல் தேதியிலிருந்து ஓரிடத்தில் 5 கோடி ரூபாய் வரை சொத்துள்ள தொழில்களுக்கு 'பாரத் சூக்ஷ்ம உத்யம் சுரக்ஷா' என்ற பாலிசியை, இன்சூரன்ஸ் கம்பெனிகளைக் கண்காணிக்கும் ஐ.ஆர்.டி.ஏ.ஐ. கொண்டுவந்தது. வாயில் நுழையாத பெயர்; இங்கே யாரும் அப்படிக் கேட்டு வாங்குவதில்லை, 'பயர் பாலிசி' என்றுதான் கேட்கிறோம். பெயர் எப்படியோ, பாலிசி பழையதைவிட நல்லது. குறைத்துக் கட்டியது 15 சதவீதத்துக்குள் இருந்தால் மேலே சொன்ன பங்குக் கணக்கைப் போட மாட்டார்கள். ஆனால் அறுபதுக்கு இருபத்தைந்து கட்டியவரை அதுவும் காப்பாற்றாது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், என் தொழில்காரர்களே என்மேல் கோபப்பட்டாலும் பரவாயில்லை. ஓ.டி. லிமிட் குறையாமல் இருக்க ஸ்டாக் ஸ்டேட்மெண்டில் சரக்கைக் கூட்டிக் காட்டுவதும், வரிக்காகக் கணக்கில் குறைத்துக் காட்டுவதும் ஊரறிந்த பழக்கம். தீ பிடித்தால் சர்வேயர் இரண்டையும் மேஜைமேல் பக்கத்தில் பக்கத்தில் வைப்பார். கூடவே ஜி.எஸ்.டி. ரிட்டர்னும் இ-வே பில்லும். பில் இல்லாமல் வாங்கிய துணிக்கு ஒரு ரூபாய்கூடப் பேச முடியாது. கடையோடு கம்ப்யூட்டரும் எரிந்துபோனால்கூட ரிட்டர்ன்கள் போர்ட்டலில் இருக்கும், டேலி பேக்கப் என்னைப் போன்ற ஒருவரிடம் இருக்கும். ஆகவே ஒழுங்காகக் கணக்கு வைத்தவருக்கு இதில் பயமில்லை. ஜி.எஸ்.டி.யில் வேறொரு அடியும் காத்திருக்கிறது. சட்டத்தின் 17(5) பிரிவுப்படி, எரிந்து அழிந்த சரக்குக்கு எடுத்த உள்ளீட்டு வரியை, அதாவது வாங்கும்போது கட்டியது என்று கழித்துக்கொண்ட வரியைத் திருப்பிக் கட்ட வேண்டும். சரக்கின் மதிப்பை வரி சேர்க்காமல் பாலிசியில் போட்டவருக்கு அந்தப் பணம் எங்கிருந்தும் வராது. தீ பிடித்த மாதம் ரிட்டர்ன் போடும்போது இதைச் சொன்னால் பார்ட்டிகள் என்னை ஏதோ நானே கொளுத்தியதுபோல் பார்ப்பார்கள்.

மூன்றாவதாக இடித்தது, யார் சரக்கு என்கிற விஷயம். பாலிசியில் இருந்தது இவருடைய மெஷினும் இவருடைய ஸ்டாக்கும். அங்கே எரிந்த துணியோ எக்ஸ்போர்ட்காரருடையது. நம் பொறுப்பில் இருக்கும் பிறர் சரக்கும் சேர்த்தி என்று பாலிசியில் வெளிப்படையாக எழுதியிருந்தால் ஒழிய, கம்பெனிக்கு அதில் வாதாட இடம் கிடைத்துவிடும். ஜாப் ஒர்க் செய்கிற ஊரில் இந்த ஒரு வரி இல்லாத பாலிசிகள் எத்தனை இருக்கும் என்று யோசித்தாலே வயிற்றைக் கலக்குகிறது. டையிங், காம்பாக்டிங், பிரிண்டிங், எம்பிராய்டரி, அயர்னிங் என்று எல்லா யூனிட்டிலும் நிற்பது அடுத்தவர் துணிதான்.

எக்ஸ்போர்ட்காரர் விவரமானவர். தன் சரக்கு எந்தெந்த ஜாப் ஒர்க் இடத்தில் இருந்தாலும் செல்லுபடியாகிற மாதிரி ஃப்ளோட்டர் பாலிசி எடுத்து, முகவரிகளையும் கொடுத்து வைத்திருந்தார். அவருக்கு அவர் கம்பெனி பணம் கொடுத்துவிட்டது. அப்பாடா, நம் தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போனது என்று நம்மவர் நிம்மதியாக இருந்தார். சில மாதம் கழித்து அந்த இன்சூரன்ஸ் கம்பெனியின் வக்கீலிடமிருந்து நோட்டீஸ் வந்தது. நாங்கள் கொடுத்த ஏழு லட்சத்துச் சொச்சத்தை நீங்கள் எங்களுக்குக் கட்ட வேண்டும், உங்கள் கவனக்குறைவால்தான் தீ பிடித்தது, ஆதாரம் இணைக்கப்பட்டுள்ளது. இணைப்பு என்ன தெரியுமா? ஒரு நாளிதழின் ஜெராக்ஸ். 'தையல் நிறுவனத்தில் மின்கசிவால் தீ' என்று தலைப்பு.

இப்படிக் கேட்க அவர்களுக்கு உரிமை இருக்கிறதா என்று பலர் கேட்கிறார்கள். இருக்கிறது. நஷ்ட ஈடு கொடுத்த கம்பெனி, நஷ்டப்பட்டவரின் இடத்தில் நின்று, காரணமானவர்மேல் வழக்குப் போடலாம். லாரியில் போன நூல் சேதமான சரண் ஸ்பின்னிங் மில்ஸ் வழக்கில் 2010-இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை விரிவாகவே எழுதியிருக்கிறது. ஆனால் நஷ்டப்பட்டவருக்கு என்ன உரிமை உண்டோ அதற்கு மேல் அந்தக் கம்பெனிக்கும் கிடையாது. எக்ஸ்போர்ட்காரர் நம்மவரிடம் துணியை ஒப்படைத்தது சட்டத்தின் கண்ணில் ஒரு ஒப்படைப்பு. 1872-ஆம் வருட ஒப்பந்தச் சட்டத்தின் 151, 152 பிரிவுகள் அதற்கு அளவு சொல்கின்றன. தன் சொந்தப் பொருளைச் சாதாரண விவேகமுள்ள ஒருவர் எப்படிப் பார்த்துக்கொள்வாரோ அப்படிப் பார்த்துக்கொண்டிருந்தால் போதும். அதையும் மீறி நஷ்டம் வந்தால், தனி ஒப்பந்தம் இல்லாதபட்சத்தில் அவர் பொறுப்பில்லை. ஆனால் அப்படிப் பார்த்துக்கொண்டேன் என்று காட்ட வேண்டியது ஒப்படைப்பை வாங்கியவர்தான். சும்மா வாயால் சொன்னால் ஆகாது.

இங்கேதான் தீயணைப்புத் துறையின் அறிக்கை கைகொடுத்தது. தீ தொடங்கியது பக்கத்து வேஸ்ட் குடோனில் என்று அதில் தெளிவாக இருந்தது. போலீஸ் ஸ்டேஷனில் கொடுத்த புகாருக்கு சி.எஸ்.ஆர். ரசீது இருந்தது. ராத்திரி மெயினை அணைத்துப் பூட்டும் பழக்கத்துக்கு வாட்ச்மேன் சாட்சி. தீயணைப்பான் சிலிண்டர்களை ரீஃபில் செய்த பில்லும் என் ஃபைலில் இருந்தது. வக்கீல் இவ்வளவையும் வைத்துப் பதில் அனுப்பினார். அதற்குப் பிறகு அந்தப் பக்கத்திலிருந்து கடிதம் வரவில்லை. பத்திரிகைச் செய்தி மட்டும் கையில் இருந்து, தீயணைப்பு அறிக்கை இல்லாமல் இருந்திருந்தால்? அறிக்கைக்கு மனுப் போட வேண்டும், பணம் கட்ட வேண்டும், பின்னாலேயே அலைய வேண்டும் என்று விட்டுவிடுகிறவர்கள்தான் அதிகம்.

ஆகவே ஆசிரியர் அவர்களே, நான் கேட்பது இதுதான். மறுநாள் காலைப் பேப்பரில் காரணத்தை எழுதாதீர்கள். சாம்பல் சூடு ஆறுவதற்குள் மின்கசிவு என்று யாருக்குத் தெரியும்? பக்கத்தில் நின்ற யாரோ சொல்வார், ஸ்டேஷனில் தலையாட்டுவார்கள், செய்தி முடிந்துவிடும். 'காரணம் விசாரணையில் இருக்கிறது' என்று எழுதினால் செய்திக்கு ஒன்றும் குறைந்துவிடாது. கட்டாயம் எழுதத்தான் வேண்டும் என்றால், தீ எந்தக் கதவு எண்ணில் தொடங்கியது என்பதையாவது இரண்டு பேரிடம் விசாரித்து எழுதுங்கள். ஒரே காம்பவுண்டில் நாலு கம்பெனி இருக்கிற ஊர் இது.

மின்கசிவு என்றால் இன்சூரன்ஸ் கிடையாது என்று ஊருக்குள் ஒரு பேச்சு நடமாடுகிறது. அதுவும் பாதிதான் சரி. ஷார்ட் சர்க்யூட்டால் தானே கருகிப்போன அந்த மோட்டார் அல்லது அந்தப் பேனல், அது மட்டும்தான் பாலிசியில் விலக்கு. அதிலிருந்து கிளம்பிய தீ மற்ற மெஷினையும் துணியையும் எரித்தால் அதற்குக் கம்பெனி கொடுத்தாக வேண்டும். இதை வாசலிலேயே சொல்லித் திருப்பி அனுப்பும் ஏஜெண்டுகளை நான் பார்த்திருக்கிறேன். முதிட் ரோட்வேஸ் வழக்கில் 2023 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இன்னும் தெளிவாகச் சொன்னது: பாலிசிதாரரே கொளுத்தாத வரைக்கும், ஷார்ட் சர்க்யூட்டா வேறு எதுவுமா என்கிற காரணம் தீ பாலிசிக்கு முக்கியமில்லை. கம்பெனிக்கும் நமக்கும் நடுவில் காரணம் பெரிய விஷயமில்லை. நமக்கும் அடுத்தவருக்கும் நடுவில், அதாவது பொறுப்பு யாருடையது என்று வரும்போதுதான் காரணம் உயிர்நாடி. பத்திரிகை வரி கடிக்கிற இடமும் அதுதான்.

ஷெட் உரிமையாளரோடு நடந்ததையும் சொல்கிறேன். அவர் கட்டடத்துக்கு இன்சூரன்ஸ் எடுக்கவில்லை. கூரையைப் பழையபடி போட்டுக் கொடுத்துவிட்டு அட்வான்ஸைக் கேள் என்றார். சொத்து மாற்றுச் சட்டம் 108-ஆம் பிரிவில் வாடகைதாரர் கட்டடத்தை வாங்கியபோது இருந்த நிலையில் திருப்பித் தர வேண்டும் என்று இருப்பது உண்மை. ஆனால் இயல்பான தேய்மானத்துக்கும், தடுக்க முடியாத சக்தியால் வந்த சேதத்துக்கும் அதிலேயே விலக்கும் இருக்கிறது. தீயால் இடம் நிரந்தரமாகப் பயன்படாமல் போனால் குத்தகையை ரத்து செய்துகொள்ளும் விருப்பமும் வாடகைதாரருக்கு உண்டு, அவருடைய தவறால் எரியவில்லை என்றால். கட்டடமே இல்லை, உனக்கு இனி இங்கே என்ன பாத்தியதை என்று விரட்டுகிற உரிமையாளர்களுக்கும் பதில் இருக்கிறது: கட்டடம் போனதால் மட்டும் வாடகை உரிமை போய்விடாது என்று 2014-இல் ஷாஹா ரதன்ஸி கிம்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் தீர்ப்புச் சொல்லியிருக்கிறார்கள்.

இத்தனையும் ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதாத வரைக்கும்தான். அந்தப் பிரிவு தொடங்கும்போதே அப்படித்தான் சொல்கிறது. இங்கே வாடகை ஒப்பந்தத்தை யார் எழுதுகிறார்கள்? முத்திரைத்தாள் விற்பவரின் கம்ப்யூட்டரில் எப்போதோ யாரோ அடித்து வைத்தது இருக்கும், பெயரையும் வாடகையையும் மட்டும் மாற்றி பிரிண்ட் எடுத்துக் கொடுப்பார்கள். 'எக்காரணத்தாலும் கட்டடத்துக்கு ஏற்படும் சேதத்துக்கு வாடகைதாரரே பொறுப்பு' என்ற வரி அதில் பாதியில் எங்காவது உட்கார்ந்திருக்கும். நல்லவேளையாக இவர் ஒப்பந்தத்தில் அது இல்லை. பெரியவர்கள் பேசி, அட்வான்ஸில் பாதியை விட்டுக்கொடுத்து முடித்தார்கள். சட்டப்படி அந்தப் பாதியும் கொடுத்திருக்க வேண்டியதில்லை என்பது என் கருத்து. ஊரில் தொழில் செய்ய வேண்டுமே என்றார் அவர்.

பக்கத்து வேஸ்ட் குடோன்காரரிடம் இன்சூரன்ஸ் இருந்ததே, அதிலிருந்து வாங்க முடியாதா என்று உறவுக்காரர்கள் எல்லோரும் கேட்டார்கள். முடியாது. அவருடைய தீ பாலிசி அவருடைய சரக்குக்கு மட்டும். அவரால் அடுத்தவருக்கு வரும் நஷ்டத்துக்குப் பொறுப்புக் காப்பீடு என்று தனியாக இருக்கிறது, அதை எடுத்த சின்ன வியாபாரி ஒருவரையும் நான் இதுவரை பார்த்ததில்லை. அது இல்லாமல் அவரிடம் வாங்க வேண்டுமானால் சிவில் கோர்ட்டில் அவர் கவனக்குறைவை நிரூபிக்க வேண்டும். அவரும் எல்லாம் எரிந்து நிற்கிறார், ஜெயித்தாலும் எதை ஜப்தி செய்வது?

தீ படாத கடைக்கும் நஷ்டம் உண்டு. 2017 மே 31-ஆம் தேதி சென்னை தியாகராய நகரில் ஏழு மாடி ஜவுளிக்கடை எரிந்ததே, அந்தக் கட்டடத்தை இடித்து முடிக்கும்வரை அக்கம்பக்கத்துக் கடைகள் வியாபாரம் இல்லாமல் கிடந்தன. வழக்கமான தீ பாலிசி எரிந்த பொருளுக்குத்தான் கொடுக்கும். நின்றுபோன வியாபாரத்துக்கும், வேலையில்லாத நாளில் ஆட்களுக்குக் கொடுத்த சம்பளத்துக்கும் கொடுக்காது. அதற்கு வேறு பாலிசி. நம்மவர் டெய்லர்களில் பாதிப்பேர் ஒரு மாதத்துக்குள் வேறு கம்பெனிக்குப் போய்விட்டார்கள். அந்த நஷ்டத்தை எந்தச் சர்வேயரும் எழுத மாட்டார்.

மெஷின் கிளெய்ம் என்ன ஆனது என்று கேட்பீர்கள். முகவரி தப்பு என்று கம்பெனி முதலில் நிராகரித்தது. வங்கிக்கு இவர் கொடுத்த இடமாற்றக் கடிதத்தில் கிளையின் சீல் போட்ட ஒப்புகை இருந்தது. அதைக் காட்டி வங்கியையும் சேர்த்து எதிர்த்தரப்பாக்குவோம் என்று எழுதிய பிறகுதான் இரண்டு தரப்பும் இறங்கி வந்து பேசின. கேட்டதில் முக்கால் பங்குக்குக் கிட்டே வந்தது. சீல் இல்லாத கடிதமாக இருந்தால் இந்தப் பத்தியை நான் வேறு மாதிரி எழுதியிருப்பேன். வங்கியில் எந்தக் காகிதம் கொடுத்தாலும் நகலில் சீல் வாங்காமல் வெளியே வராதீர்கள், அவர்கள் எவ்வளவு அவசரத்தில் இருந்தாலும்.

சர்வேயர் போட்ட தொகையே முடிவு என்றும் மனம் விட வேண்டாம். அவருடைய அறிக்கை கடைசி வார்த்தை அல்ல என்று 2009-இல் பிரதீப் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதே வருடம் ஸ்ரீ வெங்கடேஸ்வரா சிண்டிகேட் வழக்கில், தங்களுக்குப் பிடித்த அறிக்கை கிடைக்கும்வரை கம்பெனி ஆள் மாற்றி ஆள் சர்வேயரை அனுப்பிக்கொண்டே இருக்கக் கூடாது என்றும் சொன்னது. ஆவணம் இல்லை என்ற காரணத்துக்காக மட்டும் கிளெய்மை நிராகரிக்கக் கூடாது என்று 2024 ஜூனில் ஐ.ஆர்.டி.ஏ.ஐ. சுற்றறிக்கை விட்டிருக்கிறது, கம்பெனி நீளமான பட்டியல் அனுப்பினால் அதைக் குறிப்பிட்டுப் பதில் எழுதலாம்.

தனியுரிமைக் கடைக்காரரும் குறுந்தொழில் செய்பவரும் இன்சூரன்ஸ் புகார்களை விசாரிக்கும் அதிகாரியான இன்சூரன்ஸ் ஆம்புட்ஸ்மேனிடம் போகலாம். சென்னை தேனாம்பேட்டையில் அலுவலகம், கட்டணம் கிடையாது, வக்கீல் வேண்டாம், 50 லட்சம் வரை உத்தரவு போட முடியும். முதலில் கம்பெனிக்கே குறை தீர்க்கக் கோரி எழுதியிருக்க வேண்டும். அதற்கு மேல் என்றால் நுகர்வோர் ஆணையம். 'நீங்கள் வியாபாரி, நுகர்வோர் அல்ல' என்று கம்பெனி வக்கீல்கள் அங்கே வழக்கமாக ஒரு முட்டுக்கட்டை போடுவார்கள். 2002 குஜராத் கலவரத்தில் எரிந்த ஹர்சோலியா மோட்டார்ஸ் என்ற நிறுவனத்துக்கும் அதைத்தான் போட்டார்கள். தீ பாலிசி நஷ்டத்தை ஈடுகட்டத்தான், லாபம் சம்பாதிக்க அல்ல, ஆகவே வியாபாரியும் போகலாம் என்று உச்ச நீதிமன்றம் முடிவு சொன்னது 2023-இல். வாசலில் நுழையலாமா என்று தெரிந்துகொள்ளவே இருபது வருடத்துக்கு மேல். இனி வருகிறவர்களுக்காவது அந்தக் கேள்வி தீர்ந்தது.

ஆனால் கெடு விஷயத்தில் கோர்ட் இரக்கம் காட்டுவதில்லை. ஆணையத்துக்குப் போக இரண்டு வருடம். அதை எங்கிருந்து எண்ணுவது? ஆந்திராவில் புகையிலைக் குடோன் ஒன்று 1988-இல் எரிந்தது. வங்கி பார்த்துக்கொள்ளும் என்று இருந்துவிட்டு, 1997-இல்தான் புகார் போட்டார்கள். தீ பிடித்த நாளிலிருந்தே கெடு ஓடத் தொடங்கிவிட்டது என்று 2009-இல் கந்திமல்லா ராகவய்யா வழக்கில் தள்ளிவிட்டார்கள். கம்பெனி பதில் சொல்லட்டும், வங்கி கூப்பிடட்டும் என்று காத்திருக்கும் நாளும் அந்த இரண்டு வருடத்தில்தான் கழிகிறது. வழக்கமான தீ பாலிசியில் இன்னும் சின்னக் கெடுக்களும் உண்டு. எழுத்தில் கிளெய்ம் கொடுக்கப் பதினைந்து நாள். கம்பெனி மறுத்துவிட்டால் பன்னிரண்டு மாதத்துக்குள் வழக்குப் போடவில்லை என்றால் கைவிட்டதாகக் கணக்கு.

வங்கிக் கிளை மேலாளர்கள் உங்கள் பத்திரிகையைப் படிக்கிறார்கள் என்பதால் அவர்களிடமும் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். எங்கள் கணக்கில் பிரீமியம் பிடிக்கிற அன்றே பாலிசி நகலை வாட்ஸ்அப்பிலாவது அனுப்பிவிடுங்கள். முகவரியையும், பிறர் சரக்கு சேர்ந்திருக்கிறதா என்பதையும், தொகையையும் நாங்களே பார்த்துக்கொள்கிறோம். தொகை போதாது என்றால் மேற்கொண்டு எங்கள் செலவில் கட்டிக்கொள்ளவும் தயார். இப்போது நகல் கேட்டுப் போனால், 'ஹெட் ஆபீஸிலிருந்து வரணும், அடுத்த வாரம் வாங்க' என்கிறார்கள்.

பெயரைப் போட வேண்டாம். போட்டால் எந்தப் பார்ட்டி என்று இங்கே எல்லோரும் கண்டுபிடித்துவிடுவார்கள்.

இப்படிக்கு,
பகுதி நேரக் கணக்கர் ஒருவர்,
திருப்பூர்